வயிற்றுத் தழும்புக்கு ஒரு வரி

திருப்பூர்ப் பக்கம், பல்லடத்திலிருந்து வீரபாண்டி சாயப்பட்டறைக்கு நைட் ஷிப்ட் போகிற ஒருவரை நினைத்துக்கொள்வோம். மழையில் வண்டி சறுக்கி ஹேண்டில்பார் வயிற்றில் குத்துகிறது. மண்ணீரல் கிழிந்ததால் அதை எடுத்துவிட்டுத்தான் உயிரைக் காப்பாற்ற முடிகிறது. சில மாதங்களில் வேலைக்குத் திரும்பிவிடுகிறார். நான்கு வருடம் கழித்து வாந்தி, வயிற்று உப்பல், குடல் அடைப்பு. அன்றைய அறுவைக்குப் பின் உள்ளே குடல் ஒட்டிக்கொண்டதுதான் காரணம்.

உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 நோய்க் குறியீட்டு முறையில் இந்த அடைப்புக்கு கே56.5 என்று ஒரு குறியீடு உண்டு. அதன் பக்கத்தில் டி91.5 என்றும் எழுதலாம்: வயிறு, இடுப்பு உள்ளுறுப்புக் காயத்தின் பின்விளைவு. இன்றைய நோயை அன்றைய விபத்தோடு முடிச்சுப் போடும் குறியீடு அது. ஆறிய புண்ணுக்கும் ஆறாத பாதிப்பு உண்டு என்பதை ஒரு பதிவேடு ஒப்புக்கொள்வது பெரிய விஷயம். இந்த முறையின் உண்மையான பலம் அதுதான்.

ஆனால் அந்த முடிச்சைப் போடுவது கட்டாயமில்லை. நோயின் தன்மைக்கான குறியீடே முதன்மை. பின்விளைவுக் குறியீட்டைச் சேர்த்துக்கொள்ளலாம் என்கிறது விதி. சேர்க்கலாம் என்றால், நெரிசலான மருத்துவமனையில் யாரும் சேர்க்க மாட்டார்கள். சேர்த்தாலும் பயன் அரைகுறைதான். மண்ணீரல், கல்லீரல், குடல், சிறுநீர்ப்பை எல்லாம் டி91.5 என்ற ஒரே மூட்டைக்குள் கிடக்கின்றன. இன்னொரு சிக்கல் எனக்கு இதைவிடப் பெரிதாகப் படுகிறது. குடல் ஒட்டலும், தையல் போட்ட இடத்தில் வரும் குடலிறக்கமும் அறுவையால் வந்தவை; அறுவையோ காயத்தால் வந்தது. பதிவேடு அறுவையோடு நின்றுவிட்டால் விபத்து காணாமல் போகிறது.

அமெரிக்கா 2015 அக்டோபரிலிருந்து பயன்படுத்தும் ஐசிடி-10-சிஎம் இதைக் கொஞ்சம் சரிசெய்திருக்கிறது. மண்ணீரலில் பெருங்கிழிசல், அதன் பின்விளைவு என்பதை எஸ்36.032எஸ் என்று ஏழு எழுத்தில் சொல்லிவிடலாம். கடைசி ‘எஸ்’தான் பின்விளைவு என்பதற்கான அடையாளம், அதற்குக் காலவரம்பு கிடையாது. உறுப்பும் தெரிகிறது, கிழிசலின் அளவும் தெரிகிறது. சென்னையிலும் கோவையிலும் நம் பிள்ளைகள் ஆயிரக்கணக்கானோர் இந்தக் கோடிங்கைப் படித்து, அமெரிக்க நோயாளிகளின் கோப்புகளுக்கு நாள்தோறும் எழுதுகிறார்கள். அவர்களுக்குக் கற்றுத்தரும் முக்கியமான பாடம்: மருத்துவர் எழுதாத தொடர்பைக் கோடர் ஊகிக்கக் கூடாது. விதி சரியானதே. அதனாலேயே எல்லாம் மருத்துவரின் ஒரு வரியில் வந்து நிற்கிறது.

திருப்பூரில் அந்த ஒரு வரி பணமாகவும் ஆகிறது. 1948ஆம் ஆண்டு இஎஸ்ஐ (தொழிலாளர் அரசு காப்பீடு) சட்டத்தின் இரண்டாம் அட்டவணை, கட்டைவிரல் போனால் 30 சதவீதம், ஆள்காட்டி விரல் முழுதும் போனால் 14 சதவீதம் என்று சம்பாதிக்கும் திறன் இழப்பைக் கணக்கிட்டு வைத்தது. வெட்டும் மெஷினில் விரலை இழந்தவருக்கு அந்தக் கணக்கு கைகொடுக்கும். மண்ணீரலோ குடலோ அதில் இல்லை. வயிற்றுக்குள் பாதிப்பு உள்ளவர் மெடிக்கல் போர்டு முன் போய், தன் வலியை அந்தப் பழைய விபத்தோடு இணைத்துக் காட்ட வேண்டும். வேலைக்குப் போகும் வழியில் நடந்த விபத்தும் 2010 திருத்தத்துக்குப் பின் பணிக் காயம்தான். ஆனால் நேரம், இடம், சூழ்நிலை ஆகியவற்றுக்கு வேலையோடு தொடர்பு இருந்ததை நிறுவியாக வேண்டும். டிஸ்சார்ஜ் சம்மரியில் “வயிற்று அறுவை முன்பு செய்தவர்” என்று மட்டும் இருந்தால் எதைக் காட்டி நிறுவுவது? ஒடிசாவிலிருந்தோ பீகாரிலிருந்தோ வந்து, கம்பெனி மாறி, ஊர் மாறிப் போகிறவர் கையில் அந்தக் காகிதமாவது இருக்குமா?

பணத்தைத் தாண்டி உயிரும் இதில் இருக்கிறது. மண்ணீரல் இல்லாதவருக்குச் சாதாரணக் காய்ச்சல்போலத் தொடங்கும் கிருமித் தொற்று சில மணி நேரத்தில் ரத்தம் முழுக்கப் பரவிவிடலாம். நிமோகாக்கஸ் தடுப்பூசி அவருக்கு அவசியம். காய்ச்சலோடு வருகிறவருக்கு மண்ணீரல் இல்லை என்பது டிஸ்பென்சரி மருத்துவருக்கு முதல் நிமிடத்திலேயே தெரிய வேண்டும். ஐசிடி-10இல் இதற்கான இடம் டி73.0 (D73.0), ‘மண்ணீரல் செயல்குறைவு’; அறுவைக்குப் பின் மண்ணீரல் இல்லாமையும் அதில் அடங்கும்.

2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த ஐசிடி-11 ஒரு குறியீட்டை இன்னொன்றோடு கோத்து எழுத இடம் தருகிறது. கோப்பதற்குத் தகவல் வேண்டுமே. திருப்பூர் மருத்துவர்களை அதனால்தான் கேட்கிறேன்: எந்த ஆண்டு, எந்த உறுப்பு, வேலையிலா வேலைக்குப் போகும் வழியிலா, இன்றைய நோய் அதன் பின்விளைவா. இதை ஒரே வரியில் எழுதுங்கள். பனியன் கம்பெனியில் வேலை செய்கிற அண்ணன்மாரே, அக்காமாரே, வயிற்றில் தழும்பு இருந்தால் அந்த டிஸ்சார்ஜ் சம்மரியை ரேஷன் கார்டோடு சேர்த்துப் பத்திரமாக வையுங்கள். எந்தக் காய்ச்சலுக்குப் போனாலும் அதையும் எடுத்துக்கொண்டு போங்கள்.