தீவுக்கு ஒரு பனையா?

1913இல் தாவரவியலாளர் ஒடொவார்டோ பெக்காரி ஒரு விசிறிப்பனைக்குப் பிரிட்சார்டியா மெய்டனியானா என்று பெயர் சூட்டினார். அவர் கைக்கு வந்த மாதிரி சிட்னி தாவரவியல் பூங்காவில் நட்டு வளர்த்த மரத்தினுடையது. பெயரும் அந்தப் பூங்காவின் இயக்குநர் ஜோசப் மெய்டனுக்குச் செய்த மரியாதைதான். மரத்தின் பூர்வீகம் எந்தத் தீவு என்பது அப்போது தெளிவாகவில்லை. பெக்காரி 1920இல் காலமானார். மறு ஆண்டு, அவரும் ஜோசப் ராக்கும் பிரிட்சார்டியா பேரினம் குறித்து எழுதிய ஆய்வு நூல் வெளியானது. அதில் ஹவாய்த் தீவின் கோனா கடற்கரையில் வளரும் பனை, பிரிட்சார்டியா அஃபினிஸ் என்ற தனி இனமாக இடம்பெற்றது. 2007இல் பனை ஆய்வாளர் டொனால்ட் ஹோடல் இரண்டும் ஒன்றே என்று முடிவுகட்டினார். முந்தி வெளியான பெயருக்கே முன்னுரிமை என்பது தாவரவியல் விதி. அதனால் கோனாப் பனை இன்று சிட்னிக்காரர் ஒருவரின் பெயரைச் சுமக்கிறது.

மரம் எந்தத் தீவில் நிற்கிறது என்பதையே அதன் அடையாளங்களில் ஒன்றாக எண்ணும் வழக்கம் இந்தப் பேரினத்தின் வகைப்பாட்டில் ஊறிப்போயிருக்கிறது. ஒரே பனை இரண்டு பெயர் பெற்றதில் அந்த வழக்கத்துக்கும் பங்கு உண்டு என்றே எண்ணுகிறேன்.

பேரினத்தை அடையாளம் காண்பதில் பெரிய சிரமம் இல்லை. நம் பனையைப் போலவே விசிறியாக விரியும் ஓலை; ஆனால் மட்டையில் கருக்கு கிடையாது. ஆண்பனை, பெண்பனை என்ற பிரிவும் இல்லை; பூக்கள் பொதுவாக இருபால். ஃபிஜியில் பிரிட்டிஷ் தூதராக இருந்த வில்லியம் பிரிட்சார்டின் பெயரால் 1862இல் தாவரவியலாளர்கள் ஸீமனும் வெண்ட்லாண்டும் இதை நிறுவினார்கள். கலிபோர்னியப் பாலைவனப் பனையும் 1870களில் இதே பெயரில்தான் ஐரோப்பியத் தோட்டங்களில் உலவியது. 1879இல் வெண்ட்லாண்டே அதை வாஷிங்டோனியா என்று பிரித்து வைத்தார். அதன் மட்டையில் கருக்கு உண்டு.

பேரினத்துக்குள் நுழைந்தால்தான் தலைவலி. ஏறத்தாழ 30 இனங்கள். பெரும்பாலானவை ஹவாயில், மற்றவை ஃபிஜி, டோங்கா, குக் தீவுகள், பிரெஞ்சு பாலினேசியாவில். இவற்றைப் பிரிக்க உதவுபவை காயின் அளவு, பாளையின் நீளம், ஓலையின் அடிப்புறச் செதில் போன்ற சில. ஓலையோ ஒரு மீட்டர் அகலம். அதை அறுத்து, மடித்து, உலர்த்தி அனுப்பிய துண்டுகளை வைத்துத்தான் புளோரன்சில் இருந்த பெக்காரி பலவற்றை விவரித்தார். ஓலை இருந்தால் காய் இருக்காது; காய் கிடைத்தால் எந்த மரத்துக் காய் என்று தெரியாது. நிழலில் வளர்ந்த மரத்தின் ஓலையும் காற்றடிக்கும் முகட்டில் நிற்கும் மரத்தின் ஓலையும் ஒன்றுபோல் இருப்பதில்லை. இத்தனைக்கும் நடுவே ஐயமின்றிக் கையில் கிடைக்கும் ஒரே தகவல் தீவின் பெயர். அதைப் பற்றிக்கொண்டவர்களைக் குறைசொல்ல மனம் வரவில்லை.

பற்றிக்கொண்டதில் நியாயமும் இருக்கிறது. தீவுகள் தாவரங்களைப் பிரித்து வைப்பது உண்மை. ஹவாய்த் தீவில் காட்டு மரங்கள் பன்னிரண்டு அளவிலேயே அறியப்பட்ட பிரிட்சார்டியா ஷட்டாவேரியை 1985இல் ஹோடல் விவரித்தார். 5 செ.மீ. வரை பெருக்கும் அதன் காயைப் பார்த்தவர் வேறொன்றோடு குழப்பிக்கொள்ள மாட்டார். இன்னொரு நியாயம் சட்டத்தில் இருக்கிறது. அமெரிக்காவின் 1973ஆம் ஆண்டு அழிநிலை உயிரினச் சட்டம், முதுகெலும்புள்ள விலங்குகள் என்றால் ஓர் இனத்தின் தனிக் கூட்டத்தையும் காக்கும். தாவரத்துக்கு அந்தச் சலுகை இல்லை. இனம், துணையினம், வகை என்று ஏதாவதொரு பெயர் வேண்டும். பெயர் போனால் தனிப் பாதுகாப்பும் போகும். இப்படி ஒரு சட்டம் இருக்கும்போது, பிரிக்கும் பக்கம் ஆய்வாளரின் கை சற்றுச் சாய்வது இயல்பே.

ஆனால் இந்த வழக்கத்தின் அடிப்படைக் கோளாறு அதன் வட்டமான வாதம். வேறு தீவு என்பதால் வேறு இனம்; வேறு இனம் என்பதால் அந்தத் தீவுக்கே உரியது. இப்போது நிற்கும் இடம்தான் பூர்வ இடம் என்ற நம்பிக்கையில் ஓடும் வாதம் இது. பாலினேசியர்கள் பனைகளைத் தீவு தீவாகக் கொண்டுபோனவர்கள். கோனாப் பனையே பழைய குடியிருப்புகளை ஒட்டித்தான் அதிகம் காணப்பட்டது.

இதைவிடக் கனமான சந்தேகம் ஒன்று உண்டு. ஒவாஹு தீவின் தாழ்நிலங்களில் தோண்டியெடுத்த மகரந்தப் படிவுகள், அங்கே ஒருகாலத்தில் இந்தப் பனைகள் காடாக நின்றதையும், மனிதரும் அவர்களோடு எலியும் வந்த காலத்தில் அந்தக் காடு மறைந்ததையும் காட்டுகின்றன. மொலோகாய் தீவுக்கு அருகே, எலி ஏறாத ஹுயெலோ என்ற பாறைத் திட்டில் இன்றும் பனை நெருக்கமாக வளர்கிறது. அப்படியானால் இன்று பள்ளத்தாக்குக்குப் பத்து, முகட்டுக்கு ஐந்து என்று மிஞ்சியவை ஒன்றுக்கொன்று மிகவும் வேறாகத் தெரிவது எதனால்? நடுவில் இருந்த மரங்கள் செத்துப்போனதால் உண்டான இடைவெளிகளும் அந்த வேறுபாடுகளில் இருக்கலாம். அந்த இடைவெளியையே இன எல்லை என்று கோடு போட்டால், பரிணாமம் செய்ததையும் எலி செய்ததையும் ஒரே கணக்கில் எழுதியதாகும்.

நிஹாவ் தீவின் பனையைத் தாவரவியலாளர் ஹெரால்ட் செயின்ட் ஜான் தனி இனமாக்கினார். பின்னர் அது, ஏறத்தாழ 200 கி.மீ. தள்ளியிருக்கும் நிஹோவா தீவின் பிரிட்சார்டியா ரெமோட்டாவோடு சேர்க்கப்பட்டது. இரண்டும் அழிநிலைப் பட்டியலில் தனித்தனியே ஏறியவை. தாவரவியலாக இந்த இணைப்பு சரியென்றே எனக்குத் தோன்றுகிறது. நிர்வாகம் இதைக் காரணம் காட்டி நிஹாவ் மரங்களைக் கைவிட்டால் அது பெரிய தவறு.

மரபணு ஆய்வும் முழு விடை தரவில்லை. ஹவாய் இனங்கள் அண்மையில் பிரிந்தவை; அவற்றினிடையே வேறுபாடு சொற்பம். அதனால் எல்லாவற்றையும் ஒன்றாக்கிவிடலாம் என்பாரோடு நான் உடன்படவில்லை. காயாலும் பாளையாலும் தனித்து நிற்பவை நிற்கட்டும். தீவின் பெயரைத் தவிர வேறு சான்றில்லாதவற்றைத் துணையினமாக இறக்கினாலும் சட்டத்தின் நிழல் விலகாது. தோட்டங்களில் அருகருகே நட்ட இனங்கள் எளிதில் கலப்பதால், பூங்கா விதையைக் கொண்டு காட்டை மீட்க முயல்வது ஆபத்து. தாய்மரம் நின்ற தீவையும் பள்ளத்தாக்கையும் ஒவ்வொரு விதைப்பையிலும் எழுதி வைக்க வேண்டும். அதை எழுத யாரும் புதிய இனப்பெயருக்காகக் காத்திருக்க வேண்டியதில்லை.