ராஜ்கிரண்: தயாரிப்பாளர் வனைந்த நாயகன்

ஏர்வாடி தர்காவுக்கு அண்மையிலுள்ள கீழக்கரை, வள்ளல் சீதக்காதியின் ஊர். கடல் வாணிகத்தோடு மார்க்கக் கல்வியையும் வளர்த்த அவ்வூரிற் பிறந்தவரே, திரைப்பட விநியோகஸ்தராயிருந்து தயாரிப்பாளராக உயர்ந்த ராஜ்கிரண். 1988இல் ‘ராசாவே உன்னை நம்பி’யைத் தயாரித்தவர், 1991இல் ‘என் ராசாவின் மனசிலே’ படத்தைக் கஸ்தூரி ராஜா என்னும் புதிய இயக்குநரிடம் ஒப்படைத்துத் தாமே மாயாண்டியாகவும் நடித்தார். பெரிய நட்சத்திரத்தின் கால்ஷீட்டுக்குக் காத்திராத அத்துணிவைப் பாராட்டத்தான் வேண்டும். ஆயினும், கணவனைக் கண்டு நடுங்கும் மனைவியின் அச்சத்தை அப்படம் அவனுடைய துயரமாகவே மாற்றிக்கொள்கிறது. இல்லறத்தின் அடிப்படை ‘ரஹ்மத்’ என்று பாடஞ்சொல்லும் நமக்கு இது உறுத்தாமல் இராது.

‘அரண்மனைக் கிளி’ (1993), ‘எல்லாமே என் ராசாதான்’ (1995) இரண்டையும் அவரே இயக்கினார். அவற்றிலும் தான் பிறந்த கரையின் மரைக்காயர் வாழ்வை அவர் தேடவில்லை. எது விலைபோகும் என்றறிந்த விநியோகஸ்தர், உள்ளிருந்த கலைஞரை அடக்கிவிட்டார் என்பதே என் கருத்து. (பணம் போட்டவரின் நெருக்கடி விமரிசகனுக்கு இல்லை என்பதும் மெய்யே.)

பிறர் முதலில் நடித்தபோதுதான் அந்த நடிகர் முழுமையாக வெளிப்பட்டார். ‘நந்தா’வில் (2001) இராமேசுவரத்துப் பெரியவர், ‘தவமாய் தவமிருந்து’வில் (2005) அச்சகம் நடத்திப் பிள்ளைகளை ஆளாக்கும் முத்தையா. இங்கே புயவலிமை பேசவில்லை. ஒரு தகப்பனின் களைப்பு பேசுகிறது. கஸ்தூரி ராஜாவின் மகன் தனுஷ் 2017இல் இயக்கிய ‘ப. பாண்டி’யும் அந்த முதுமையை நம்பியே எடுக்கப்பட்டது.