விடை ஒன்றுதான்

கிறிஸ்துமஸ் விடுமுறையில் சாப்பாடு முடிந்ததும் பத்திரிகையின் பெரிய குறுக்கெழுத்துப் புதிரை நடுவில் விரித்துக்கொண்டு வீடே உட்கார்ந்துவிடுவது பிரிட்டிஷ்காரர்களின் பழக்கம். 'கார்டிய'னில் ஐம்பதாண்டுகளுக்கு மேல் புதிர் போட்ட, அரக்காரியா என்ற புனைபெயர் கொண்ட ஜான் கிரஹாம் பாதிரியாரின் பண்டிகைப் புதிருக்குக் காத்திருந்தவர்கள் அநேகம். தமக்குப் புற்றுநோய் என்பதை 2013 ஜனவரியில் அவர் வாசகர்களுக்குத் தெரிவித்ததும் ஒரு புதிரின் விடைகளாகத்தான். அதை வெறும் பொழுதுபோக்காக நினைத்தவருக்கு இது தோன்றியிராது.

நம்மிடம் சரக்கு இல்லாமலில்லை. காளமேகத்தின் சிலேடை இருக்கிறது. நாஞ்சில் நாட்டில் விடுகதைக்கு அழிப்பாங்கதை என்று பெயர். விடை சொன்னால் கதையை 'அழித்தாயிற்று'. ஆனால் 1930களில் ஆனந்த விகடன் போன்ற பத்திரிகைகளில் குறுக்கெழுத்து வந்தபோது பரிசுப் போட்டியாக வந்தது. பெரிய பரிசுக்குத் தெளிவான குறிப்பு ஆகாது, எல்லோரும் ஜெயித்துவிடுவார்களே! 'கடலோரம் காண்பது, ம-ல்' என்றால் மணலா, தாழை மடலா? கட்டணம் கட்டி யூகிக்க வேண்டியதுதான். மாதப் பரிசு ஆயிரம் ரூபாயைத் தாண்டக்கூடாது என்று 1955இல் சட்டம் வந்தது. 1957இல் சுப்ரீம் கோர்ட்டும் அதை ஏற்றது. எனக்கு அதில் வருத்தமில்லை.

'ஓரெழுத்தில் அடங்கிய ஊர்', நான்கு கட்டம். விடை நகரம்: ஊரும் அதுதான், ந என்ற எழுத்தின் பெயரும் அதுதான். இரண்டு வழியாகப் போனாலும் ஒரே வாசலில் வந்து நிற்கிறோம். இவ்வகைப் புதிர்களை இன்று இணையத்தில் ஒருசிலர் தமிழில் போடுகிறார்கள். டிசம்பர் லீவில் பிள்ளைகள் வந்து நிறையும் நாகர்கோவில் வீடு ஒன்றில் விரித்துப் பாருங்கள். முதலில் அழிக்கிறவள் பாட்டியாகத்தான் இருப்பாள்.