கோடும் குரலும்: பொம்மைப் படங்களில் நகையும் எள்ளலும்

மைசூர்ப் பகுதி ராமாபுரத்தில் ஒரு தமிழ்க் குடும்பத்தின் மாலைப் பொழுது. தாத்தா சாய்வு நாற்காலியில் அமர்ந்திருக்கிறார். தாய் அடுக்களைக்கும் கூடத்துக்கும் இடையே நடந்துகொண்டிருக்கிறாள். பேரன் தொலைக்காட்சிப் பெட்டியின் முன் சம்மணமிட்டுக் கார்ட்டூன் தொடர் ஒன்றைக் காண்கிறான். பொம்மை மாந்தன் ஒருவன் வழுக்கி விழுகிறான், மூவரும் சிரிக்கின்றனர். அடுத்து அயல்நாட்டுக் கடைக்காரன் ஒருவன் தோன்றிக் கோணலான உச்சரிப்பில் பேசுகிறான். சிறுவன் விழுந்து விழுந்து சிரிக்கிறான். தாய்க்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. தன் கன்னட உச்சரிப்பை வகுப்புப் பிள்ளைகள் பழித்துக் காட்டினர் என்று அச்சிறுவன் அன்றுதான் கண்ணீரோடு வீடு திரும்பியிருந்தான்.

இக்காட்சி நாம் புனைந்ததே. ஆயினும் பிறமொழி மாநிலத்தில் வாழும் நம் குடும்பங்களுள் எதற்கும் இது அந்நியமானதன்று. வழுக்கி விழுந்தவனைக் கண்டு பிறந்த சிரிப்பும், உச்சரிப்பைக் கேட்டுப் பிறந்த சிரிப்பும் ஒன்றா? ஒன்றன்று எனில், அவற்றைப் பிரிக்கும் எல்லை யாது? இவ்வினாவே இக்கட்டுரையின் பொருளாகும்.

சிலம்பையும் கம்பனையும் விடுத்துச் சங்க மலரில் பொம்மைப் படங்களை ஆராய்தல் தகுமோ என்று பெரியோர் சிலர் வினவக்கூடும். சிரிப்பைச் சிறுபொருளாக நம் முன்னோர் கருதவில்லை. மெய்ப்பாடுகள் எட்டனுள் நகையையே முதலில் வைத்தார் தொல்காப்பியர். அது பிறக்கும் களங்கள் நான்கு என்றும் வகுத்தார். இகழ்ந்து நகைக்கும் எள்ளல் ஒன்று. பிள்ளைமையின் குறும்பாகிய இளமை ஒன்று. அறியாமையாகிய பேதைமை ஒன்று. பிறர் கூறியதை அப்படியே கொண்டு, கொண்டதை விடாது பற்றிக்கொள்ளும் மடன் ஒன்று. இந்நான்கு அளவுகோல்களும் இன்றைய தொலைக்காட்சிப் பொம்மைப் படங்களுக்கும் பொருந்தி நிற்கின்றன.

முதலில் மடனைக் காண்போம். அமெரிக்க இயக்குநர் சக் ஜோன்ஸ் 1949-இல் ஒரு பாலைவன ஓநாயையும் அதனிடம் அகப்படாத ஓட்டப் பறவையையும் படைத்தார். ஓநாய் ஒவ்வொரு முறையும் ‘ஆக்மி’ என்னும் நிறுவனத்திடமிருந்து புதுப்புதுப் பொறிகளை வரவழைக்கிறது. ஒவ்வொரு முறையும் அப்பொறியே அதன்மேல் வெடிக்கிறது. மலையுச்சியிலிருந்து விழுந்து, புழுதி கிளம்பி, மீண்டும் எழுந்து அடுத்த பொட்டலத்தைப் பிரிக்கிறது. கொண்டதை விடாமைக்கு இதனினும் சிறந்த சான்று தேடல் வேண்டா. விளம்பரத்தை நம்பி வாங்கி ஏமாந்து, மீண்டும் அதே கடைவாயிலில் நிற்கும் நம்மையே அந்த ஓநாய் நினைவூட்டுகிறது. அங்கதம் என்பது அதுதான்.

உயிருள்ள மனிதன் மலையிலிருந்து விழுந்தால் நாம் அலறுவோம். கோட்டால் வரைந்த ஓநாய் விழுந்தால் சிரிக்கிறோம். கோட்டுக்கு வலி இல்லை என்பதை மனம் அறியும். வலி நீங்கிய இடத்தில் இரக்கம் சற்றே விலகி நிற்க, அறிவு தடையின்றிச் சிரிக்கிறது. பொம்மைப் படத்தின் பேராற்றல் இதுவே. அதன் பேரிடரும் இதுவே. எவருக்கு வலிக்கிறது என்பதை அது மறக்கச் செய்துவிடும்.

அடுத்து ஒரு வரலாற்று மாற்றத்தைக் கருதவேண்டும். எம்.ஜி.எம். நிறுவனத்துக்காக ஹன்னாவும் பார்பெராவும் 1940-இல் தொடங்கிய ‘டாம் அண்ட் ஜெர்ரி’ திரையரங்குகளுக்கென உருவானது. பூனையின் ஒவ்வொரு மயிரும் அசையுமாறு ஏராளமான ஓவியங்களை வரைவதற்கு அங்கே பொருளும் பொழுதும் இருந்தன. பேச்சு மிகக் குறைவு. ஆகவே மொழி அறியாதாரும் சிரித்தனர். 1957-இல் அந்நிறுவனத்தின் பொம்மைப்படப் பிரிவு மூடப்பட்டது. இருவரும் தம் சொந்த நிறுவனத்தைத் தொடங்கித் தொலைக்காட்சிக்கு வந்தனர். வாரந்தோறும் சிறு செலவில் படம் வேண்டும் என்ற நிலையில் ஓவியங்களின் எண்ணிக்கை குறைக்கப்பட்டது. உடல் அசையாது நிற்க, வாயும் கண்ணும் மட்டும் அசைந்தன. 1960-இல் வந்த ‘ஃபிளின்ட்ஸ்டோன்ஸ்’ தொடரில் கற்கால மாந்தர் அமெரிக்க நடுத்தர வகுப்பாரின் வாழ்வை வாழ்ந்தனர். விலங்குகளே அவர்களுக்கு வீட்டுக் கருவிகள். காரை ஓட்டியவை அவர்தம் கால்களே. நகைச்சுவை கை கால்களை விட்டு வாய்க்கு ஏறியது. கோட்டின் கலையாக இருந்தது குரலின் கலையாயிற்று.

இம்மாற்றம் நமக்குப் புதிதன்று. தோற்பாவைக் கூத்தில் பெரும்பாலான பாவைகளுக்கு அசையும் மூட்டுகள் சிலவே. திரைக்குப் பின்னிருந்து ஒரே கலைஞர் இராமனாகவும் இராவணனாகவும் பேசுவார். தமிழ்நாட்டுக் கூத்தில் உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் இடையிடையே புகுந்து காப்பிய மாந்தரையும் ஊர்ப் பெரியவர்களையும் ஒருங்கே கேலி செய்வர். கன்னட நாட்டில் கிள்ளேக்யாதன் என்னும் கோமாளிப் பாவைக்கு அத்தகைய இடம் உண்டு. அக்கூத்தை நிகழ்த்தும் மக்களுக்கே அவன் பெயர் வழங்கலாயிற்று. அரசனைப் பார்த்துக் குடிமகன் சொல்ல அஞ்சுவதைத் தோல் சொல்லிற்று. இன்று மின்திரையில் கோடு சொல்கிறது.

பேதைமைக்குச் சிறந்த எடுத்துக்காட்டு ‘சிம்ப்சன்ஸ்’ தொடரின் தலைவன் ஹோமர். 1989 டிசம்பரில் தனித் தொடராக ஒளிபரப்பாகத் தொடங்கிய இப்படைப்பில் அவன் அறியாமையின் உருவம். சோம்பேறி, உண்பதில் நாட்டமுடையவன், பணியிடத்தில் உறங்குபவன். அவன் ஏற்றுள்ள பணியோ அணுமின் நிலையத்தின் பாதுகாப்புக் கண்காணிப்பு! ஒரு நாட்டின் ஆளும் முறையைப் பற்றி நூறு மேடைப் பேச்சுகள் சொல்ல வேண்டியதை இந்த ஒரு பணிநியமனம் சொல்லிவிடுகிறது. அவனைப் பார்த்துச் சிரிக்கும் நாம், அவனை அந்த நாற்காலியில் அமர்த்திய முதலாளியைப் பார்த்தே மெய்யாகச் சிரிக்கிறோம். சிரிப்பு மேல்நோக்கிப் போகிறது.

இளமைக்குச் சான்றாவது ஜப்பானிய ஓவியர் யோஷிதோ உசுயி 1990-இல் படைத்து, 1992-இல் தொலைக்காட்சிக்கு வந்த ‘ஷின்சான்’. ஐந்து வயதுச் சிறுவன், பெரியோர் மறைப்பதை நாலுபேர் நடுவே போட்டு உடைக்கிறான். சிக்கனம் போதிக்கும் தாய் தள்ளுபடிக் கடையைக் கண்டால் நிலைதடுமாறுகிறாள். பிள்ளைகள் கெட்டுவிடுவர் என்ற முறையீட்டினால் இத்தொடர் 2008-இல் இந்தியாவில் தடைசெய்யப்பட்டு, 2009-இல் வெட்டுகளுடன் திரும்பியது. பெண்களைத் துரத்திப் பேசும் இடங்களிலும், உடலைக் காட்டிச் சிரிப்பூட்டும் இடங்களிலும் இதன் நகைச்சுவை மெலிந்து போகிறது என்பதை நாம் மறுக்கவில்லை. ஆயினும் பெற்றோர் பலர் சினந்தது அவ்விடங்களுக்காக மட்டும்தானா? தம் சிறு பொய்கள் பிள்ளை வாயால் வெளிவருவதைக் காணும் கூச்சமும் அச்சினத்தில் கலந்திருந்தது என்றே கருதுகிறோம்.

இனி எள்ளல். நம் போன்ற புலம்பெயர்ந்தோர் நின்று சிந்திக்கவேண்டிய இடம் இதுவே.

‘சிம்ப்சன்ஸ்’ தொடரில் அப்பு என்னும் இந்தியக் கடைக்காரன் உண்டு. உழைப்பாளி, மரக்கறி உண்பவன், முனைவர் பட்டம் பெற்றவன். 1996-இல் ஒளிபரப்பான ஒரு கதையில் ஊருக்குள் ஒரு கரடி வருகிறது. கரடியை விரட்ட வரி விதிக்கிறார்கள். வரியைக் கண்டு மக்கள் கொதிக்க, நகரத் தலைவர் பழியைக் குடியேறியவர்கள்மேல் திருப்பிவிடுகிறார். நாடு கடத்தப்படும் அச்சத்தில் அப்பு போலிப் பத்திரங்களை வாங்கி அமெரிக்கனாக நடிக்கிறான். பின்பு தன் பெற்றோரையும் பிறந்த மண்ணையும் மறுத்துவிட்டோமே என்று நாணுகிறான். கரடிக்கும் வரிக்கும் அயலானுக்கும் முடிச்சுப் போடும் அரசியலை இத்துணைச் சிறு கதையில் இத்துணை நுட்பமாகச் சாடிய படைப்புகள் அரிது. குடியேறியவரின் பக்கமே கதை நிற்கிறது.

ஆனால் குரல் எப்பக்கம் நின்றது? அப்புவுக்குக் குரல் தந்தவர் இந்தியர் அல்லர். ஹாங்க் அசாரியா என்னும் அமெரிக்க நடிகர். அவர் மிகைப்படுத்திய உச்சரிப்பே பல இடங்களில் நகைச்சுவையாக நின்றது. அமெரிக்கப் பள்ளிகளில் இந்தியப் பிள்ளைகளை அந்தக் குரலில் அழைத்துப் பிறர் பழித்தனர். ஹரி கொண்டபோலு என்னும் இந்திய வம்சாவளி நகைச்சுவைக் கலைஞர் 2017-இல் இதனை ஓர் ஆவணப் படமாகவே எடுத்தார். அசாரியா 2020-இல் அப்பாத்திரத்துக்குக் குரல் தருவதை விட்டு விலகினார். கதை நீதி வழங்கியும் குரல் அநீதி இழைத்தது. ஒரே படைப்பில் கோடு ஒரு திசையிலும் குரல் மறு திசையிலும் செல்லக்கூடும் என்பதை இவ்வரலாறு மெய்ப்பிக்கிறது.

இதனைப் படித்து அமெரிக்கரைக் குறைகூறி அமைதல் எளிது. நம் வீட்டுக் கண்ணாடியையும் சற்றே துடைத்துக்கொள்வோம். 1968-இல் வந்த ‘படோசன்’ என்னும் இந்திப் படத்தில் மெஹ்மூத் நடித்த தமிழ்ப் பாட்டு ஆசிரியரின் உச்சரிப்பு வடநாட்டைச் சிரிக்கவைத்தது; நம்மவர் பலர் மனம் புண்பட்டனர். தமிழ்த் திரையில் மார்வாடி வட்டிக்கடைக்காரரும் மலையாளத் தேநீர்க் கடைக்காரரும் பேசும் தமிழைக் கேட்டு நாம் சிரிக்கவில்லையா? அவர்களும் தம் ஊர் விட்டு நம் ஊர் வந்து பிழைத்தவர்களே.

எள்ளலுக்கு உரை வகுத்த பேராசிரியர் அதனை இரண்டாகப் பகுத்துக் காட்டுகிறார். பிறரைத் தான் எள்ளி நகைத்தல் ஒருவகை. தான் பிறரால் எள்ளப்பட்டபோது நகைத்தல் மறுவகை. நூற்றாண்டுகளுக்கு முன் எழுதப்பட்ட இக்குறிப்பினுள் புலம்பெயர்ந்தோர் வாழ்வு முழுவதும் அடங்கிக் கிடக்கிறது. எள்ளப்பட்டவன் நகைப்பது சில வேளை வலிமையின் அடையாளம். சில வேளை வேறு வழியற்ற நிலையின் அடையாளம். அப்பு பேசக் கேட்டுப் பிறரோடு சேர்ந்து சிரித்த இந்தியப் பிள்ளையின் சிரிப்பு எவ்வகையைச் சார்ந்தது என்பதை அப்பிள்ளையே அறியும்.

இதற்கு மாற்றான ஒரு வழியை நாம் வாழும் மைசூரே உலகுக்குக் காட்டியிருக்கிறது. 1921-இல் மைசூரில் ஒரு தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர் ஆர்.கே. லக்ஷ்மண். மகாராஜா கல்லூரியில் பயின்ற நாள்களிலேயே, டாக்டர் எம். சிவராம் 1942-இல் தொடங்கிய ‘கொரவஞ்சி’ என்னும் கன்னட நகைச்சுவை இதழுக்குப் படம் வரைந்தார். வீட்டில் தமிழ் பேசியவரின் தொடக்கக்காலக் கோடுகள் கன்னட வாசகரைச் சிரிக்கவைத்தன என்பது நம் பிள்ளைகள் அறிந்திருக்கவேண்டிய செய்தி. அண்ணன் ஆர்.கே. நாராயணின் மால்குடிக் கதைகளைச் சங்கர் நாக் 1986-இல் தூர்தர்ஷன் தொடராக்கியபோது, தொடக்கக் காட்சியில் நாடறியத் தோன்றியவை லக்ஷ்மணின் ஓவியங்களே.

அவர் ‘டைம்ஸ் ஆஃப் இந்தியா’ நாளிதழில் 1951 முதல் வரைந்த ‘யூ செட் இட்’ என்னும் பகுதியின் நாயகன், கட்டம் போட்ட கோட்டும் வேட்டியும் அணிந்த பொதுமனிதன். அவன் பேசுவதில்லை. அமைச்சர் பேசுவார், அதிகாரி பேசுவார், இவன் ஓரத்தில் நின்று வியந்து பார்ப்பான். அவன் வாய் திறந்திருந்தால் ஏதேனும் ஒரு மொழியில், ஏதேனும் ஓர் ஊரின் உச்சரிப்பில் பேசியாகவேண்டும். அந்நொடியே அவன் ஒரு சாராருக்கு அயலானாகியிருப்பான். மௌனமே அவனை எல்லாருக்கும் உரியவனாக்கியது. சிரிப்பு அவன்மேல் விழவில்லை; அவன் பார்வை சென்ற திசையில் நின்ற அதிகாரத்தின்மேல் விழுந்தது.

எல்லாப் பாத்திரங்களும் ஊமையாகவேண்டும் என்பது நம் கருத்தன்று. உச்சரிப்பு நகைச்சுவைக்கு உரிய பொருளே. அது அன்பையும் காட்டலாம். ஒருவன் உச்சரிப்பைத் தவிர அவனிடம் சிரிப்பதற்கு வேறொன்றும் இல்லை என்ற நிலையில்தான் அங்கதம் இறந்து ஏளனம் பிறக்கிறது. வழுக்கி விழுவது எவர்க்கும் நேரும். அச்சிரிப்பில் நாமும் பங்காளிகள். பிறப்பிடம் நாவில் ஒட்டியிருப்பது குற்றமன்று. அதைப் பார்த்துச் சிரிப்பவன் தன்னைக் கணக்கில் சேர்ப்பதில்லை. நாம் தேடிய எல்லை இதுவே.

தமிழில் 2007-இல் சுட்டி டிவியும், கன்னடத்தில் 2009-இல் சிண்டு டிவியும் தொடங்கப்பட்ட பின்னர், நம் பிள்ளைகள் ஒரே வகைப் பொம்மைகள் இருமொழியிலும் பேசக் கேட்டு வளர்ந்தனர். இதனைக் கேடு என்று நாம் எண்ணவில்லை. ஒரு மொழியில் விலை கேட்கவும் வழி கேட்கவும் விரைவில் கற்கலாம். அதில் சிரிக்கவும் சிரிக்கவைக்கவும் கற்பதே கடினம். தோற்பாவைக் கலைஞர் பலர் வீட்டில் மராத்தி வழிவந்த மொழி பேசுவோர். அவர்களே தமிழ்நாட்டில் தமிழராகவும் கன்னட நாட்டில் கன்னடராகவும் நின்று ஊரைச் சிரிக்கவைத்தனர். அவர்கள் சொன்னதைக் கேட்டே சிரித்தனர்.

ஆகவே பெற்றோர்க்கு நாம் கூறுவது ஒன்றே. தொலைக்காட்சியை அணைத்துவிட்டுப் பிள்ளையைக் கடிந்துகொள்ளுதல் வேண்டா. அருகில் அமர்ந்து உடன் காண்க. சிரிப்பு அடங்கியபின், “கண்ணா, இப்போது யாரைப் பார்த்துச் சிரித்தோம்?” என்று மெல்லக் கேட்க. ராமாபுரத்துச் சிறுவனும் அவ்வினாவுக்கு ஒருகணம் வாய் மூடி நிற்பான். அக்கடைக்காரனின் இடத்தில் வகுப்பறையில் நின்றவன் தானே என்பதை அவன் கண்டுகொள்ளும் கணம் அது. மறுநாள் வகுப்பில் அவன் கன்னடத்திலேயே ஒரு குறும்புச் சொல்லை உதிர்த்து எல்லாரையும் சிரிக்கவைப்பானாயின், அம்மண்ணில் அவன் வேரூன்றிவிட்டான் என்று நாம் மகிழலாம்.