சாங் காங்-ஹோ: அடக்கி வாசித்தே அள்ளிய ஆட்டம்

கொரிய சினிமா வளர்ந்த கதையை ஒரே ஒரு முகத்தில் படிக்க வேண்டுமென்றால் நான் சாங் காங்-ஹோவைத்தான் காட்டுவேன். நாடக மேடையில் தேறி 1996-ல் திரைக்கு வந்தவர். திரைப்படங்களுக்கான முன்தணிக்கை செல்லாது என்று தென்கொரிய அரசியல் சாசன நீதிமன்றம் தீர்ப்பளித்ததும் அதே ஆண்டில்தான். அந்தத் தீர்ப்பு இல்லாமல், அவர் பின்னாளில் நடித்த பல படங்கள் வந்திருக்குமா என்பதே சந்தேகம்.

2000-ல் பார்க் சான்-வூக் இயக்கிய 'ஜாயிண்ட் செக்யூரிட்டி ஏரியா'வில் அவர் வடகொரிய சார்ஜென்ட். எல்லை தாண்டி ரகசியமாக வந்துபோகும் தென்கொரியச் சிப்பாய், தன் பக்கம் வந்துவிட்டால் சாக்கோ பை வயிறு முட்டத் தின்னலாம் என்கிறான். வாயில் இருந்ததை அப்படியே கையில் துப்புகிறார் சாங். தன் நாடே ஒருநாள் இதைவிட நல்ல பலகாரம் செய்யும் என்று முறைத்தபடி சொல்லிவிட்டு, துப்பியதை மறுபடி வாயில் போட்டுக்கொள்கிறார். வீறாப்பும் ஆசையும் சில விநாடிகளில் வந்து போகின்றன. பிரிந்துகிடக்கும் நாட்டைப் பற்றி இதைவிடக் கூர்மையாக ஒரு காட்சி சொல்லிவிட முடியாது.

போங் ஜூன்-ஹோவின் 'மெமரீஸ் ஆஃப் மர்டர்' (2003), ராணுவ ஆட்சியின் கடைசிக் காலத்தில், 1986 முதல் ஹ்வாசோங் பகுதியில் நடந்த தொடர் கொலைகளின் கதை. இதில் சாங், அப்பாவிகளை அடித்து வாக்குமூலம் வாங்கும் துப்பறிவாளர். கொலையைத் தடுக்க ஆள்பலம் வேண்டிய இரவில் காவலர்கள் போராட்டக்காரர்களை ஒடுக்கப் போயிருக்கிறார்கள். கடைசி ஷாட்டில் அவர் கேமராவை நேராகப் பார்க்கிறார். அரங்கில் கொலையாளி உட்கார்ந்திருந்தால் அவன் கண்ணைச் சந்திக்கும் பார்வை அது. நிஜக் குற்றவாளி அடையாளம் காணப்பட்டது 2019-ல்தான்.

1980-ல் ராணுவம் நடத்திய குவாங்ஜூ படுகொலையைச் சொல்லும் 'ஏ டாக்ஸி டிரைவர்' (2017) படத்தில், வாடகைக் காசுக்காக ஜெர்மன் நிருபரை அந்த ஊருக்கு ஏற்றிச் செல்லும் ஓட்டுநர். தப்பித்து மகளிடம் திரும்பும் வழியில் காரில் பாட ஆரம்பிக்கிறார், குரல் உடைகிறது, வண்டியைத் திருப்புகிறார். அங்கே வசனம் எழுதியிருந்தால் காட்சி கெட்டிருக்கும்.

ஆனால் உச்சம் 'பாரசைட்' (2019) தான். இதில் சாங் ஒரு பணக்கார வீட்டின் கார் ஓட்டுநர். முந்தைய இரவு மழையில் அவருடைய அரை அடித்தள வீடு மூழ்கிவிட்டது. மகன், மகளோடு உடற்பயிற்சிக் கூடத் தரையில் படுத்து எழுந்திருக்கிறார். மறுநாள் காரின் பின்சீட்டில் எஜமானியம்மா, மழை பெய்ததே நல்லதாயிற்று என்று போனில் குதூகலிக்கிறார். பிறகு ஓட்டுநர் மேல் அடிக்கும் வாடைக்கு மூக்கைப் பொத்திக்கொண்டு கண்ணாடியை இறக்குகிறார். சாங் ஒரு வார்த்தை பேசுவதில்லை. ஸ்டியரிங்கைப் பிடித்த அந்த முகம் மட்டும் மெல்ல இறுகுகிறது. பின்னால் நடக்கப்போகும் கத்திக்குத்து அங்கேயே தொடங்கிவிடுகிறது. பாதுகாப்பில்லாத வேலை, கடன், நொடித்துப்போன சிறுதொழில் என்று கொரியா சுமந்த பாரமெல்லாம் அந்த இறுக்கத்தில் இருக்கிறது.

அந்தப் படம் கேன்ஸில் தங்கப்பனை விருதும், சிறந்த படம் உட்பட நான்கு ஆஸ்கர்களும் வென்றது. சாங்குக்குச் சிறந்த நடிகர் விருதைக் கேன்ஸ் 2022-ல் 'ப்ரோக்கர்' படத்துக்காகக் கொடுத்தது. அதைப் பெற்ற முதல் கொரிய நடிகர் அவர். தகுதியான விருதுதான். ஆனால் என் தீர்ப்பில் அது அந்தக் காருக்குள் அவர் காட்டிய மௌனத்துக்கு மூன்று ஆண்டுகள் முன்பே போய்ச் சேர்ந்திருக்க வேண்டும்.