பாய்மரத்தின் முன்னும் பின்னும்

கடலைப் பாடிய புலவர் பலர். கடலில் உழைத்தவன் பட்ட பாட்டை எழுதியவர் சிலரே. ஆங்கில இலக்கியத்தில் அக்குறையைத் தீர்க்க முற்பட்ட நூல்களுள் தலையாயது, அமெரிக்கரான ரிச்சர்டு ஹென்றி டேனா 1840-ஆம் ஆண்டில் வெளியிட்ட 'பாய்மரத்தின் முன் ஈராண்டுகள்' என்பதாகும். பாய்மரத்தின் பின்புறம் கப்பல் தலைவனும் துணைவரும் உறையும் இடம். முன்புறம் எளிய மாலுமிகள் நெருக்குண்டு கிடக்கும் இருட்டறை. எவர் பக்கம் நின்று பேசுகிறது என்பதை நூலின் பெயரே உணர்த்திவிடுகிறது.

டேனா ஹார்வர்டு மாணவர். தட்டம்மையால் கண்பார்வை தளர்ந்தமையால் படிப்பை நிறுத்தி, 1834 ஆகஸ்டில் பாஸ்டனிலிருந்து 'பில்கிரிம்' என்னும் வணிகக் கப்பலில் மாலுமியாகச் சென்றார். அன்று மெக்சிகோவின் ஆட்சியில் இருந்த கலிபோர்னியாவில் மாட்டுத்தோல் திரட்டுவதே அக்கப்பலின் தொழில். காலணி செய்தற்குரிய தோல்களை, காலில் காலணியின்றி, அலைகளினூடே தலையில் சுமந்து படகேற்றினர் மாலுமிகள். இம்முரணை டேனா சுட்டிக்காட்டி முழங்கவில்லை. நிகழ்ந்ததைச் சொல்லி அமைகிறார். அதுவே அவர் நடையின் ஆற்றல்.

சவுக்கடிக் காட்சியும் அவ்வாறே. சாம் என்பவன் அடிபடுகிறான். ஏன் அடிக்கிறீர் என்று கேட்ட ஜானும் அடிபடுகிறான். கேள்வியே குற்றமாகிறது. தன் விருப்பமே காரணம் எனத் தலைவன் கூவுகிறான். டேனா தடுக்கவில்லை, தடுத்திருப்பின் அது கலகக் குற்றம். அருவருப்புற்று முகம் திருப்பிய அவர், இம்மக்களின் துயர் துடைக்க உழைப்பேன் என்று உள்ளத்தில் உறுதி பூண்டார்.

ஆயினும், நூலின் உண்மையான உரைகல் வேறோர் இடத்தில் உள்ளது. 1836-இல் ஊர் திரும்பும் 'அலர்ட்' கப்பலில் இடம்பெற வேண்டுமாயின், தமக்கு ஈடாக ஒருவனை விட்டுச் செல்லவேண்டும் என்னும் நிலை டேனாவுக்கு எழுந்தது. முதலில் ஏழை மாலுமி ஒருவன் அவ்விடத்திற்குப் பணிக்கப்பட்டான். தோழர்கள் மனம் கசந்தனர். பின்னர் வேறொருவன் பொருள் பெற்று இசைந்தான். செல்வாக்குடையோன் மீள்கிறான், அஃதற்றவன் தங்குகிறான். தமக்கு இழுக்குத் தரும் இச்செய்தியை மறையாது எழுதிய நேர்மை போற்றத்தக்கது. எனினும், கப்பல் தலைவனின் அதிகாரம் சிறிதும் குறைதலாகாது என்று முடிவுரையில் அவர் வாதிடுமிடத்து, பாய்மரத்தின் முன்னிருந்து பேசிய குரல் பின்புறம் சென்றுவிடக் காண்கிறோம்.

ஹெர்மன் மெல்விலுக்கு அத்தகைய செல்வாக்கு துணைநிற்கவில்லை. 1841 ஜனவரியில் 'அகுஷ்னெட்' என்னும் திமிங்கில வேட்டைக் கப்பலில் புறப்பட்ட அவர், மறு ஆண்டில் மார்க்கேசஸ் தீவொன்றில் கப்பலைவிட்டு ஓடினார். 1851-இல் வெளிவந்த அவருடைய 'மோபி டிக்' புதினத்தில், பல்லாண்டுப் பயணத்திற்கு இஸ்மாயில் பெறவிருக்கும் ஊதியம் நிகர வருவாயில் 300-இல் ஒரு பங்கு. கறுப்பினச் சிறுவன் பிப் அஞ்சிப் படகிலிருந்து குதிக்கிறான். திமிங்கிலத்தின் விலை அவன் விலையினும் பன்மடங்கு என எச்சரிக்கப்படுகிறான். மீண்டும் குதித்தபோது கடலில் கைவிடப்படுகிறான். பிறகு மீட்கப்பட்டும் அறிவு திரிகிறது. மனிதனுக்கு விலை குறிக்கும் தொழிலின் கொடுமை இதனினும் சுருங்கக் கூறப்படுதல் அரிது. ஆயின் ஆகாபின் வெஞ்சினம் கதையை ஆட்கொண்டபின், கூலியும் பசியும் பின்னிடத்திற்குத் தள்ளப்படுகின்றன. டேனாவிடம் இக்குறை இல்லை. அவர் நூலில் இறுதிவரை வேலையே தலைமை தாங்குகிறது.

டேனா வழக்கறிஞராகி, 1841-இல் மாலுமிகளின் உரிமை, கடமைகளை விளக்கும் கையேடும் எழுதினார். அமெரிக்கக் கடற்படையிலும் வணிகக் கப்பல்களிலும் சவுக்கடியை அந்நாட்டுச் சட்டமன்றம் 1850-இல் விலக்கியது. அம்மாற்றத்தை ஒரு நூலின் வெற்றியாகக் கொள்ளுதல் மிகையாகும். ஆனால், அடிபட்டவர்க்குப் பெயரும் முகமும் தந்த பெருமை டேனாவுடையது. பிறர் துயரைக் கண்டு எழுதுவோன், தான் எந்த வாயில் வழியே அத்துயரினின்று வெளியேறினான் என்பதையும் எழுதவேண்டும். டேனா அதனை எழுதினார். அதனாலேயே அவர் கருத்தை மறுப்போரும் அவர் நூலை நம்பலாம்.