மாப்பிள்ளைக்கு ஒரு பப்படம்

நாகர்கோவில் பக்கம் ஒரு கல்யாணப் பந்தி. என் பக்கத்து இலையில் அந்த வீட்டு மூத்த மாப்பிள்ளை. பரிமாறுவதை மேற்பார்வை பார்த்துக்கொண்டு வந்த பெரியவர் குனிந்து, "மாப்பிள, இப்பம் ஜோலி எங்கயாக்கும்?" என்றார். ஆறு மாதமாக வேலை இல்லை என்பது பந்தி முழுக்கத் தெரியும். கேட்டவருக்கும்தான்.

"பாத்துட்டிருக்கேன் மாமா."

"சும்மா கேட்டேன். ஏ, மாப்பிள்ளைக்கு ஒரு பப்படம் போடு!"

பப்படத்தை நொறுக்கிப் பாயசத்தில் போட்டார் மனிதர். சாப்பிடவில்லை.

வீடு திரும்பியதும் 'தலைகீழ் விகிதங்கள்' நாவலை மறுபடி எடுத்தேன். நாஞ்சில் நாடனின் முதல் நாவல், 1977-ல் வந்தது. தங்கர் பச்சான் இதைத்தான் 2002-ல் 'சொல்ல மறந்த கதை' ஆக்கினார். (மறந்த கதையா? சொல்லக் கூச்சப்பட்ட கதை என்பேன்.) படித்த ஏழைப் பையன் சிவதாணு, வசதியான வீட்டுப் பார்வதியைக் கட்டுகிறான். அப்புறம் நடப்பதுதான் நாவல்.

நான் வெறும் பி.காம். பற்று, வரவு தெரியும். நாடன் கணிதத்தில் முதுகலை. தலைப்பிலேயே கணக்கு வைத்திருக்கிறார். ஒன்று ஏற ஏற மற்றது இறங்கும். மாமனார் வீட்டுப் பணம் நெருங்கி வர வர, மாப்பிள்ளை தலை நிமிரும் உயரம் குறைகிறது. அடிதடி வேண்டாம், அந்த ஊர்ப் பேச்சே போதும். மரியாதையும் குத்தலும் ஒரே வாக்கியத்தில் வரும். எதற்குக் கோபப்படுவது என்று கேட்டவனுக்கே புரியாது. இதை நாடன் அளவுக்குக் காதில் வாங்கியவர்கள் குறைவு.

நாஞ்சில் நாட்டில் குடும்பக் கணக்கு பழைய சங்கதிதான். மருமக்கள் வழிச் சொத்துரிமை படுத்திய பாட்டைக் கவிமணி 'மான்மியம்' எழுதிச் சிரிக்க வைத்தார். 1926-ல் திருவிதாங்கூர் சட்டம் போட்டு அதை மாற்றியது. சொத்து யாருக்கு என்று சட்டம் சொல்லும். பந்தியில் யாரிடம் எந்தத் தொனியில் பேசுவது என்று சொல்லுமா?

ஒரு குறை உண்டு. நாவல் சிவதாணுவின் காயத்துக்குப் பக்கத்திலேயே அதிகம் உட்கார்ந்துவிடுகிறது. அப்பாவுக்கும் புருஷனுக்கும் நடுவில் நிற்கிற பார்வதி தன் மனசை யாரிடம் கொட்டினாள்? இன்னும் பத்துப் பக்கம் அவளுக்குக் கொடுத்திருக்கலாம்.

அந்தப் பந்தியில் எதிர் வரிசையில்தான் மாப்பிள்ளையின் மனைவி இருந்தார். "ஜோலி எங்க?" என்ற கேள்வி விழுந்ததும் இலையைப் பார்த்துக் குனிந்தவர் எழுந்திருக்கும் வரை நிமிரவில்லை. அவருக்குப் பப்படம் வேண்டுமா என்று யாரும் கேட்கவும் இல்லை.